அன்யேஸ் வர்தா: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பிரெஞ்சு ஆவணப்பட இயக்குநரும் காட்சிக் கலைஞருமான அன்யேஸ் வர்தாவை (தமிழில் ஆக்னஸ் வர்தா என்றும் எழுதுகிறார்கள்) முதன்முறை பார்க்கிறவர்கள் கேட்கும் கேள்விகள் பெரும்பாலும் ஒரே மாதிரிதான் இருக்கின்றன. படம் முடிந்து விளக்குப் போட்டதும் சிலர் கேட்பார்கள், சிலருக்கு ஒரு வாரம் கழித்துத்தான் கேட்கத் தோன்றும். இரண்டுக்கும் சேர்த்து இங்கே பதில் எழுதியிருக்கிறேன். எல்லாக் கேள்விக்கும் ஒரே நீளத்தில் பதில் வராது. சிலவற்றுக்கு ஒரு வரி போதும்.

யார் இவர்? சுருக்கமாகச் சொல்லுங்கள்.

1928 மே 30 அன்று பெல்ஜியத்தின் பிரஸ்ஸல்ஸ் நகரில், இக்செல் பகுதியில் பிறந்தவர். அப்பா கிரேக்கர், அம்மா பிரெஞ்சுக்காரர். போர் வந்தபோது குடும்பம் தெற்கு பிரான்ஸின் செத் துறைமுக ஊருக்குப் போய் ஒரு படகில் குடியிருந்தது. பிறகு பாரிஸ். 1951இல் பாரிஸின் பதினான்காம் வட்டாரத்தில் தகேர் தெருவுக்குக் குடிவந்தார். 2019 மார்ச் 29 அன்று, 90 வயதில், அதே வீட்டில் இறந்தார். இடையில் புகைப்படம், கதைப்படம், ஆவணப்படம், குறும்படம் எல்லாம் செய்தார். எழுபத்தைந்து வயதுக்குப் பிறகு அருங்காட்சியகங்களுக்கான நிறுவல் கலைக்கும், அதாவது திரைகளையும் பொருள்களையும் ஓர் அறையில் அமைத்துக் காட்டும் கலைக்கும், வந்துவிட்டார். கணவர் ஜாக் தெமியும் பெயர்பெற்ற இயக்குநர்.

கடற்கரை, வயல், கிராமம் எல்லாம் எடுத்திருக்கிறாரே. நகரத்தின் கலைஞர் என்று ஏன் சொல்கிறீர்கள்?

கடற்கரை அவருக்குப் பிடித்தது, சரிதான். ஆனால் அவர் பார்க்கிற விதம் உருவானது தெருவில். சந்தை கலைந்த பிறகு தரையில் கிடக்கும் காய்கறி, கடைக்காரர் கல்லாப்பெட்டியைத் திறக்கும் விதம், யாரும் அண்ணாந்து பார்க்காத கட்டடச் சிலை, சுவரில் வரைந்த ஓவியம், இவற்றைப் பிடித்துக்கொண்டுதான் அவருடைய நல்ல ஆவணப்படங்கள் எல்லாம் நகர்கின்றன. நகரத்தைப் படமெடுக்கக் கிளம்புகிறவர்கள் பொதுவாக உயரத்தில் ஏறி ஒரு காட்சி எடுப்பார்கள், கூட்டம், போக்குவரத்து, ராத்திரி விளக்குகள். வர்தா அதைச் செய்யவே மாட்டார். ஒரு தெரு, அதில் நூறு மீட்டர், அதில் பத்துப் பேர். அவருக்கு நகரம் என்றால் அதுதான்.

சினிமா படித்தவரா?

இல்லை. சோர்பானில் இலக்கியமும் உளவியலும், லூவர் பள்ளியில் கலை வரலாறும் படித்தார். அப்புறம் புகைப்படம் கற்றுக்கொண்டு, ழான் வீலாரின் தேசிய மக்கள் நாடக அரங்கில் பத்தாண்டு காலம் புகைப்படக்காரராக வேலை பார்த்தார். 1954இல் தன் வீட்டு முற்றத்திலேயே முதல் புகைப்படக் கண்காட்சியை வைத்தார். அதே ஆண்டு செத் ஊரின் மீனவர் குடியிருப்பில் 'லா புவான்த் கூர்த்' என்ற முதல் படத்தை எடுத்தார். அதுவரை விரல்விட்டு எண்ணக்கூடிய அளவுக்குத்தான் படங்களே பார்த்திருந்ததாக அவரே பலமுறை சொல்லியிருக்கிறார். அந்தப் படத்தில் ஒரு தம்பதியின் கதையும், மீனவர்களின் அன்றாடமும் மாறி மாறி வரும். நடிகர்களும் தொழில்நுட்பக்காரர்களும் சம்பளம் வாங்காமல் பங்குதாரர்களாகச் சேர்ந்தார்கள். படத்தொகுப்பு செய்தவர் அலென் ரெனே.

'புதிய அலை' என்று பெயர்பெற்ற பிரெஞ்சு இளம் இயக்குநர்களான த்ரூஃபோ, கோதார் ஆகியோரின் முதல் முழுநீளப் படங்கள் வெளிவந்தது 1959, 1960இல். அதனால்தான் முப்பது வயதிலேயே இவருக்குப் 'புதிய அலையின் பாட்டி' என்று பட்டம் கட்டிவிட்டார்கள். முன்னோடி என்று சொல்லியிருக்கலாம். ஆண் இயக்குநராக இருந்திருந்தால் அப்படித்தான் சொல்லியிருப்பார்கள் என்பது என் கணக்கு.

நகரத்தைப் பற்றிய அவருடைய முதல் படம் எது?

'ஓபரா மூஃப்', 1958. பதினாறு நிமிடம் ஓடும் குறும்படம். பாரிஸின் ஐந்தாம் வட்டாரத்தில் முஃப்தார் தெரு என்று ஒரு சரிவான சந்தைத் தெரு இருக்கிறது. இன்று சுற்றுலாப் பயணிகளால் நிரம்பி வழியும் தெரு அது. அன்று ஏழைகளும் குடிகாரர்களும் வீடற்ற முதியவர்களும் நிறைந்திருந்தார்கள். வர்தா அப்போது கர்ப்பிணி. 16 எம்.எம். கேமராவையும் ஒரு மடக்கு நாற்காலியையும் எடுத்துக்கொண்டு சந்தைக்குப் போவார். நாற்காலியை விரித்து, அதன்மேல் ஏறி நின்று எடுப்பார். இரண்டொரு நாளில் சந்தைக்காரர்களுக்கு அவர் பழகிவிட்டார். எலுமிச்சை விற்கிறவரைப் போல, காய் பொறுக்கி எடுக்கும் கிழவியைப் போல அவரும் அந்த இடத்து ஆள் ஆகிவிட்டார்.

படத்துக்கு ஒரு துணைத்தலைப்பு உண்டு, கர்ப்பிணி ஒருத்தியின் குறிப்பேடு என்கிற பொருளில். அதுதான் படத்தின் விசை. வயிற்றில் குழந்தையோடு இருப்பவள் ஒரு கிழட்டுக் குடிகாரனைப் பார்க்கிறாள். இவனும் ஒரு காலத்தில் ஒருத்தியின் வயிற்றில் இருந்தவன்தானே, இவனையும் யாரோ கொஞ்சியிருப்பார்களே என்று அவளுக்குத் தோன்றுகிறது. அந்த நினைப்போடு பார்த்தால் சந்தையில் வந்துபோகும் ஒவ்வொரு முகமும் வேறு மாதிரித் தெரிகிறது. நடுவில் ஒரு பூசணிக்காயை இரண்டாகப் பிளந்து விதைகளை வழித்தெடுக்கும் காட்சி வரும். வெறும் காய் நறுக்குவதுதான். ஆனால் அதற்குமுன் ஒரு கர்ப்பிணியின் வயிற்றைக் காட்டியிருப்பார், அதனால் நமக்கு அடிவயிறு கலங்கும். பேச்சே கிடையாது. ஜோர்ஜ் தெலரூவின் இசையும் சில தலைப்பு அட்டைகளும் மட்டும்.

'க்ளியோ 5 முதல் 7 வரை' கதைப்படம்தானே? அதை ஏன் இங்கே சேர்க்கிறீர்கள்?

கதைப்படம்தான். 1962இல் வந்தது. புற்றுநோய்ப் பரிசோதனையின் முடிவுக்காகக் காத்திருக்கும் ஒரு பாடகி, ஏறக்குறைய ஒன்றரை மணி நேரம் பாரிஸில் அலைகிறாள். படத்தின் நீளமும் அதே ஒன்றரை மணி நேரம்தான். தலைப்பு ஏழு மணி என்றாலும் படம் ஆறரைக்கே முடிந்துவிடும். செலவு குறைவாக இருக்க வேண்டும் என்று தயாரிப்பாளர் சொன்னதால், ஒரே நாள், ஒரே ஊர் என்று வைத்துக்கொண்டார்.

இங்கே சேர்க்கக் காரணம், அவள் நடந்துபோகும் தெருக்கள். மோன்பர்னாஸ் பக்கம் அவள் நடக்கும்போது எதிரே வருகிறவர்கள் நிஜமான பாதசாரிகள். அவர்கள் கேமராவைப் பார்க்கிறார்கள். நமக்கோ அவர்கள் க்ளியோவை உற்றுப் பார்ப்பதாகத் தோன்றுகிறது. சாவு பயத்தில் இருப்பவளுக்கு ஊரே தன்னை முறைப்பதாகத் தெரியும் அல்லவா? தெருவில் தானாகக் கிடைத்ததை அப்படியே கதைக்குள் போட்டுவிட்டார். ஒருவன் தவளையை விழுங்கிக் காட்டுகிறான், டாக்சி வானொலியில் அல்ஜீரியப் போர்ச் செய்தி ஓடுகிறது, ஓட்டலில் பக்கத்து மேசைக்காரர்கள் தங்கள் பாட்டுக்குப் பேசிக்கொண்டிருக்கிறார்கள். 1961 கோடையில் பாரிஸ் எப்படி இருந்தது என்று தெரிந்துகொள்ள இதைவிட நல்ல ஆவணம் எனக்குத் தெரியாது.

'தகெரெயோதீப்' படத்தை மின்கம்பி நீளத்துக்குள் எடுத்தார் என்கிறார்களே, உண்மையா?

உண்மை. இந்தக் கேள்விதான் அதிகம் வருகிறது, இதற்குத்தான் நீளமாகப் பதில் சொல்லவும் ஆசை.

1972இல் மகன் மத்தியூ பிறந்தான். கைக்குழந்தையை விட்டுவிட்டு வெளியூருக்குப் படப்பிடிப்புக்குப் போக முடியாது. ஜெர்மன் தொலைக்காட்சி நிறுவனமான இசட்.டி.எஃப். ஒரு படம் எடுத்துத் தரும்படி கேட்டது, எதைப் பற்றி வேண்டுமானாலும். சரி, வீட்டைவிட்டுப் போக முடியாது என்றால் வீட்டு வாசலிலேயே எடுப்போம் என்று முடிவெடுத்தார். விளக்குகளுக்கு மின்சாரம் வேண்டும். கடைக்காரர்களின் மின்சாரத்தை எடுத்தால் அவர்களுக்குச் செலவு. அதனால் தன் வீட்டு மீட்டரிலிருந்தே ஒரு கம்பியை இழுத்தார். நூறு மீட்டருக்கும் குறைவான நீளம். அந்தக் கம்பி எட்டுகிற கடைகள் மட்டும்தான் படத்தில் இருக்கும். அதைப் புதிய தொப்புள்கொடி என்று வேடிக்கையாகச் சொல்வார்.

கம்பிக்குள் சிக்கியவர்கள் யார் யார்? ரொட்டிக்கடைக்காரர், கறிக்கடைக்காரர், தையல்காரர், முடிதிருத்துபவர், கடிகாரம் பழுதுபார்ப்பவர், துனிசியாவிலிருந்து வந்து மளிகைக் கடை வைத்திருப்பவர், ஓட்டுநர் பயிற்சிப் பள்ளிக்காரர், அக்கார்டியன் வாத்தியம் விற்பவர். எல்லோரிடமும் ஒரே சில கேள்விகள்: எந்த ஊர், பாரிஸுக்கு எப்போது வந்தீர்கள், மனைவியை எங்கே சந்தித்தீர்கள், ராத்திரி என்ன கனவு வரும்? பதில் சொல்லும்போது கணவனும் மனைவியும் கல்லாவுக்குப் பின்னால் அசையாமல் நிற்பார்கள், பழைய ஸ்டுடியோ படத்துக்கு நிற்பதுபோல. தெருவின் பெயரே லூயி தகேரின் பெயர்தான். 1839இல் அறிவிக்கப்பட்ட முதல் புகைப்பட முறைகளில் ஒன்று அவருடையது. அந்தக் காலத்துப் படத்துக்கு மக்கள் அசையாமல் நிற்க வேண்டியிருந்தது. படத்தின் தலைப்பும் அந்த நிற்பும் இங்கிருந்து வந்தவை.

பதில்களில் ஒன்று வெளியே வருகிறது. பாரிஸ்காரர்கள் என்று நாம் நினைக்கும் இந்தக் கடைக்காரர்களில் பெரும்பாலோர் ஊரிலிருந்து பிழைக்க வந்தவர்கள். கனவிலும் வியாபாரம்தான் வருகிறது என்று ஒருவர் பின் ஒருவராகச் சொல்கிறார்கள். சிரிப்பும் வரும், கொஞ்சம் பயமாகவும் இருக்கும்.

அந்த வாசனைத் திரவியக் கடைப் பாட்டி ஏன் மனதைவிட்டுப் போக மாட்டேன் என்கிறார்?

படமே அவரிடமிருந்துதான் பிறந்தது என்று வர்தா சொல்லியிருக்கிறார், ஆகவே உங்களுக்கு மட்டும் அப்படி இல்லை. வயதான தம்பதி, பொத்தானும் நூலும் வாசனைத் தண்ணீரும் விற்கும் கடை. கண்ணாடி அலமாரியில் உள்ள பொருள்கள் இருபது வருடமாக இடம் மாறாதவை போல இருக்கும். வாசனைத் தண்ணீரைக் கணவரே கலந்து சின்ன சீசாவில் ஊற்றி, மூடி, துடைத்துத் தருவார். மனைவி பக்கத்தில் நிற்பார். பேச்சு மிகக் குறைவு. பார்வை எங்கோ இருக்கும். நினைவு தவறிக்கொண்டிருக்கிறது என்பது மெல்ல நமக்குப் புரியும்.

பொழுது சாயும் நேரத்தில் அவருக்கு ஒரு தவிப்பு வரும். வாசல் கதவு வரை போவார். வெளியே போக வேண்டும் என்பதுபோலக் கைப்பிடியருகே நிற்பார். திரும்பி வருவார். மறுபடி போவார். கேமரா அசையாது. யாரும் அவரிடம் என்னவென்று கேட்பதில்லை, பின்னணியில் உருக்கமான இசையும் கிடையாது. வேறு ஒருவர் எடுத்திருந்தால் அங்கே முகத்துக்கு நெருக்கமாகப் போயிருப்பார்கள். வர்தா கடைக்குள் நிற்கும் வாடிக்கையாளர் எவ்வளவு தூரத்தில் நிற்பாரோ அந்தத் தூரத்திலேயே நிற்கிறார்.

படத்தில் மந்திரவாதி எதற்கு?

தெருவிலுள்ள ஒரு காப்பிக் கடையில் ஒருநாள் மாலை மாயவித்தைக் காட்சி நடக்கிறது. அதுவரை நாம் பார்த்த கடைக்காரர்கள் எல்லோரும் அங்கே பார்வையாளர்களாக உட்கார்ந்திருக்கிறார்கள். மந்திரவாதியின் கைவித்தையையும் கடைகளில் நாள் முழுக்க நடக்கும் கைவேலையையும் மாறி மாறி வெட்டிக் காட்டுகிறார். கறி நறுக்கும் கை, மாவு பிசையும் கை, சில்லறை எண்ணும் கை. தினசரி வேலையில் இருக்கும் வித்தை அப்போதுதான் கண்ணில் படும். கொஞ்சம் நீண்டுவிட்டது என்று சொல்கிறவர்கள் உண்டு. எனக்கும் ஐந்து நிமிடம் குறைத்திருக்கலாம் என்றுதான் தோன்றும்.

இதைவிடக் கனமான குறை ஒன்றும் சொல்வார்கள். 1970களின் நடுவில், பிரான்ஸில் நடந்த 1968 மாணவர், தொழிலாளர் எழுச்சியின் சூடு ஆறாத காலத்தில், இந்தப் படத்தில் அரசியல் பேச்சே இல்லை என்று. அது தெரிந்தே விட்டது. அரசியல் பேசினால் வாடிக்கை கெடும் என்று நினைக்கும் ஒரு வர்க்கத்தை, அது எப்படி இருக்கிறதோ அப்படி எடுத்திருக்கிறார். பக்கத்திலேயே மோன்பர்னாஸ் கோபுரம் 1973இல் எழும்பி முடிந்திருந்தது. இந்தச் சிறு கடைகள் எத்தனை நாளைக்கு என்ற கேள்வியை யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை, அவ்வளவுதான்.

பாரிஸுக்கு வெளியே எந்த நகரத்தை எடுத்தார்?

லாஸ் ஏஞ்சலஸ். இரண்டு முறை போய்த் தங்கினார். 1960களின் இறுதியில் போனபோது, சான் பிரான்சிஸ்கோவை அடுத்த ஓக்லண்டில் கறுப்பின மக்களின் உரிமைக்காகப் போராடிய 'பிளாக் பாந்தர்ஸ்' இயக்கத்தின் கூட்டங்களைப் படமெடுத்தார். இரண்டாம் முறை தங்கியபோது 'மூர் மூர்'. நகரத்துச் சுவரோவியங்களைப் பற்றிய ஆவணப்படம், 1981இல் வெளிவந்தது.

அதில் நான் விரும்புவது ஒரு எளிய முறை. ஓவியம், அதை வரைந்தவர், அதன் முன்னால் வாழ்கிறவர், மூன்றையும் ஒரே சட்டத்துக்குள் நிறுத்துவார். மெக்சிகோ வம்சாவளியினரின் குடியிருப்பில் ஒரு ஓவியத்துக்கு முன்னால் ஒரு ராக் குழு வாசிக்கிறது. வேறொரு இடத்தில் வெள்ளநீர்க் கால்வாய்ச் சுவரில் பதின்வயதுப் பிள்ளைகளை வைத்து ஓவியர் ஜூடி பாக்கா கலிஃபோர்னியாவின் விடுபட்ட வரலாற்றை வரைகிறார். வெர்னான் என்ற தொழிற்பகுதியில் பன்றி இறைச்சி ஆலை ஒன்றின் சுற்றுச்சுவரில் பன்றிகள் பசும்புல்லில் துள்ளி விளையாடும். உள்ளே அவற்றை வெட்டிக்கொண்டிருப்பார்கள். அந்த ஓவியத்தைத் தொடங்கியவர் 1968இல் சாரத்திலிருந்து விழுந்து இறந்துபோனார், இன்னொருவர் தொடர்ந்தார். வர்தா இதற்கு விளக்கவுரை சொல்வதில்லை. ஒவ்வொரு ஓவியம் வரும்போதும் வரைந்தவரின் பெயரைப் பின்னணியில் ஒரு குரல் கிசுகிசுக்கும். கையெழுத்து இல்லாமல் மழையிலும் வெயிலிலும் அழிந்துகொண்டிருக்கும் ஓவியங்களுக்கு அவர் செய்த மரியாதை அது.

கட்டடங்களைப் பற்றி ஏதாவது?

'லெ தீத் கரியாதீத்', 1984, பதின்மூன்று நிமிடத்துக்குள் முடிந்துவிடும். பாரிஸ் கட்டடங்களின் முகப்பில் மாடத்தைத் தலையில் தாங்கி நிற்கும் கற்பெண்களைப் பற்றியது. ஆண் சிலைகள் தாங்கும்போது தசை முறுக்கி, முகம் சுளித்துச் சிரமப்படுகின்றன. பெண் சிலைகள் அதே பாரத்தை அலுங்காமல் தாங்குகின்றன. இதைச் சுட்டிக்காட்டிவிட்டுப் போய்விடுவார். பார்த்த பிறகு எந்த ஊரிலும் அண்ணாந்து பார்க்காமல் நடக்க முடியாது.

குப்பையில் பொறுக்கிச் சாப்பிடுகிறவர்களைப் படமெடுத்தது சுரண்டல் இல்லையா?

இந்தக் கேள்வி 2000இல் வந்த 'லெ க்ளானர் ஏ லா க்ளானூஸ்' பற்றியது. அறுவடை முடிந்த வயலில் கதிர் பொறுக்குவது நமக்கும் தெரிந்த பழக்கம்தான். பிரெஞ்சு ஓவியர் மில்லே 1857இல் வரைந்த கதிர் பொறுக்கும் பெண்களின் படத்திலிருந்து ஆரம்பித்து, இன்று யார் பொறுக்குகிறார்கள் என்று தேடிப் போகிறார். வயலில் ஆரம்பித்தாலும் படத்தின் உயிர் நகரத்தில்தான் இருக்கிறது.

கேள்வி நியாயமானது. பதிலுக்கு ஒரு மனிதரைப் பாருங்கள். பாரிஸில் சந்தை முடிந்த பிறகு தரையில் கிடக்கும் பழம், கீரை, ரொட்டியை எடுத்து அங்கேயே தின்றபடி ஒருவர் நடப்பார். வர்தா அவரைப் பல தடவை பார்க்கிறார், உடனே கேமராவோடு போய் மொய்க்கவில்லை. ஒருநாள் பேச்சுக் கொடுக்கிறார். அவர் உயிரியலில் முதுகலை படித்தவர் என்று தெரிகிறது. ரயில் நிலையத்துக்கு வெளியே பத்திரிகை விற்கிறார். எந்தக் கீரையில் என்ன சத்து என்று கணக்குச் சொல்கிறார். அவர் தங்கியிருக்கும் விடுதிக்குப் போனால், அங்கே பெரும்பாலும் மாலி, செனகல் நாடுகளிலிருந்து வந்த தொழிலாளர்கள். மாலை நேரத்தில் அடித்தள அறையில் அவர்களுக்கு இவர் பிரெஞ்சு எழுதப் படிக்கச் சொல்லிக்கொடுக்கிறார். சம்பளம் இல்லாமல், வருடக்கணக்காக. கரும்பலகையில் ஒரு சொல்லை எழுதி, பக்கத்தில் அதன் படத்தை வரைவார். படத்தின் ஆரம்பத்தில் அவரைப் பார்த்து நாம் என்ன நினைத்தோமோ அதை நினைத்து நமக்கே கூச்சமாக இருக்கும்.

இன்னொன்றும் செய்தார். இரண்டு வருடம் கழித்து, படத்தில் வந்தவர்களைத் திரும்பப் போய்ப் பார்த்து 2002இல் ஒரு தொடர்ச்சி எடுத்தார். அதே மனிதர் அதில், படம் நன்றாக இருக்கிறது, ஆனால் நீங்கள் உங்களைக் காட்டிக்கொள்ளும் பகுதிகள் தேவையில்லை என்று வர்தாவின் முகத்துக்கு நேராகவே சொல்கிறார். வர்தா அதை வெட்டவில்லை. சுரண்டுகிறவர்கள் திரும்பிப் போய்க் கேட்பதும் இல்லை, கேட்ட பதிலைப் படத்தில் வைப்பதும் இல்லை.

இதே படத்தில் பிராத் என்ற ஊரில் நடந்த ஒரு தகராறும் உண்டு. சூப்பர் மார்க்கெட் குப்பைத் தொட்டியில் இளைஞர்கள் உணவு எடுக்கிறார்கள். மேலாளர் தொட்டியில் பிளீச் ஊற்றுகிறார். வழக்கு நீதிமன்றம் போகிறது. மேலாளர், இளைஞர்கள், நீதிபதி மூன்று பேரையும் தனித்தனியாகப் பேசவிடுகிறார். யாரையும் வில்லன் ஆக்கவில்லை. இளைஞர்கள் பேசுவதைக் கேட்டால் அவர்கள் மீதும் முழுப் பரிதாபம் வராது, கோபமும் வராது. ஊர்ச் சண்டை நிஜத்தில் அப்படித்தானே இருக்கும்.

அப்படியானால் அவர் ஏன் அடிக்கடி தன்னையே காட்டிக்கொள்கிறார்?

அந்தப் படத்தை அவர் எடுத்தபோது வயது எழுபதைத் தாண்டியிருந்தது. சிறிய குழுவோடு, அவர் கையில் ஒரு சின்ன டிஜிட்டல் கேமராவும் இருந்தது. ஒரு கையில் கேமரா, இன்னொரு கையைப் படமெடுக்கிறார். தோல் சுருங்கி, புள்ளி விழுந்த கை. சந்தையில் தூக்கி எறிந்த காயைப் பார்க்கும் அதே ஆர்வத்தோடு தன் முதுமையையும் பார்க்கிறார். நெடுஞ்சாலையில் முன்னால் போகும் லாரிகளை விரல்களால் வளையம் போட்டுப் 'பிடித்து' விளையாடுகிறார். ஒரு இடத்தில் கேமராவை அணைக்க மறந்துவிட, லென்ஸ் மூடி ஆடிக்கொண்டே இருப்பது பதிவாகிவிடுகிறது. அதற்கு ஜாஸ் இசை போட்டு நடனமாக்கிவிட்டார்.

சில படங்களில் இது அளவு மீறிப் போகிறது என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். புகைப்படக் கலைஞர் ஜே.ஆருடன் சேர்ந்து எடுத்த 'விசாஜ் வில்லாஜ்' (2017) படத்தில் இருவரின் விளையாட்டுப் பேச்சு எனக்கு அலுப்புத் தட்டியது. ஆனால் லே ஹாவ்ர் துறைமுகத்தில் கன்டெய்னர்களை அடுக்கி, அதில் துறைமுகத் தொழிலாளர்களின் மனைவிமார் மூன்று பேரின் படத்தைக் கட்டட உயரத்துக்கு ஒட்டி, அவரவர் படத்தின் நெஞ்சுக்குள் அவரவரையே உட்காரவைத்த காட்சிக்காக மீதியைப் பொறுத்துக்கொள்ளலாம்.

'பரிசோதனை' ஆவணப்படம் என்றால் புரியாத படமா?

வர்தா விஷயத்தில் இல்லவே இல்லை. ஒரு கட்டுப்பாட்டை எடுத்துக்கொண்டு அதையே படத்தின் வடிவமாக்குவதுதான் அவருடைய பரிசோதனை. கம்பி நீளம் ஒன்று. 'சலூ லெ க்யூபேன்' (1963) இன்னொன்று: கியூபாவில் எடுத்த நிழற்படங்கள் மட்டுமே. சுமார் 1,500 நிழற்படங்களை அடுத்தடுத்து வைத்து அரை மணி நேரப் படம் செய்தார். ஒரு பாடகரின் சில நிழற்படங்களைத் தாளத்துக்கு வெட்டியபோது அவர் ஆடவே ஆரம்பித்துவிடுகிறார்.

சினிமாக்காரர் எப்படி அருங்காட்சியகத்துக்குப் போனார்?

உருளைக்கிழங்கு வழியாக. 2000ஆம் ஆண்டுப் படத்துக்காகப் போனபோது, அளவும் வடிவமும் சரியில்லை என்று வயலில் கொட்டிய கிழங்குகளில் இதய வடிவத்தில் சில இருந்தன. அவற்றை வீட்டுக்குக் கொண்டுவந்து, சுருங்கி முளைவிடுவதை நாள்கணக்கில் படம் பிடித்தார். 2003இல் வெனிஸ் பியனாலே என்ற கலைக் கண்காட்சியில் அது 'பத்தாத்தூடோப்பியா' என்ற நிறுவலாக ஆனது: மூன்று திரைகள், அவற்றுக்கு முன்னால் தரையில் 700 கிலோ நிஜ உருளைக்கிழங்கு. திறப்பு விழாவுக்கு உருளைக்கிழங்கு உடை மாட்டிக்கொண்டு வந்தார். அப்போது வயது 75.

2006இல் பாரிஸின் கார்த்தியே அறக்கட்டளையில் நடந்த கண்காட்சி இதைவிட ஆழமானது. அதில் நுவார்மூத்தியே தீவின் விதவைகளைப் பற்றிய நிறுவல் ஒன்று. நடுவில் பெரிய திரை, சுற்றிலும் பதினான்கு சிறு திரைகள், ஒவ்வொன்றிலும் ஒரு விதவை. எதிரே பதினான்கு நாற்காலிகள், ஒவ்வொன்றிலும் ஹெட்ஃபோன். நீங்கள் எந்த நாற்காலியில் உட்காருகிறீர்களோ அந்தப் பெண்ணின் குரல் மட்டும்தான் கேட்கும். பக்கத்தில் இருப்பவர் வேறொருத்தியைக் கேட்டுக்கொண்டிருப்பார். பதினான்கு பேரில் ஒருத்தி வர்தா. தெமி 1990இல் இறந்திருந்தார். அவருடைய திரையில் மட்டும் பேச்சு கிடையாது.

அதே கண்காட்சியில், 1966இல் ஓடாமல் போன தன் 'லெ க்ரேயாத்யூர்' படத்தின் ஃபிலிம் சுருள்களைச் சுவராகத் தொங்கவிட்டு ஒரு குடிசை கட்டினார். தோற்றுப்போன படத்துக்குள்ளே போய் நிற்கலாம், வெளிச்சம் அதில் நடித்த கேத்தரின் தெனவின் முகங்கள் வழியாக உள்ளே வரும்.

பணத்துக்கு என்ன செய்தார்?

முதல் படத்துக்காகவே சொந்த நிறுவனம் தொடங்கினார், அதுதான் பிறகு சினே தமாரிஸ் ஆனது. அலுவலகம், எடிட்டிங் அறை எல்லாம் தகேர் தெருவிலேயே. பல சமயம் பணம் கிடைக்காமல் எழுதிய கதைகள் அப்படியே கிடந்தன. ஆனால் படங்களின் உரிமை கைவிட்டுப் போகவில்லை. இன்று பிள்ளைகள் ரோசலியும் மத்தியூவும் அதைக் கவனித்துக்கொள்கிறார்கள். பழைய படங்கள் துலக்கமான பிரதிகளாக நமக்குக் கிடைப்பதற்கு இதுவே காரணம்.

விருதுகள்?

1985இல் வெனிஸ் தங்கச் சிங்கம், 2015இல் கான் விழாவின் கௌரவத் தங்கப் பனை, 2017இல் கௌரவ ஆஸ்கர். பின்னிரண்டும் பெற்ற முதல் பெண் இயக்குநர்.

பாரிஸ் போனால் அந்தத் தெருவைப் பார்க்கலாமா?

தாராளமாக. தான்ஃபேர் ரோஷ்ரோ மெட்ரோவில் இறங்கினால் கொஞ்ச தூரம்தான். வழியில் நிற்கும் பெரிய சிங்கச் சிலையை வைத்தும் 2003இல் ஒரு குறும்படம் எடுத்திருக்கிறார். தெருவின் ஆரம்பம் இன்றும் காய், பழம், மீன், பாலாடைக்கட்டிக் கடைகள் உள்ள நடைபாதைச் சந்தை. வீடு 86-88 எண்ணில், இளஞ்சிவப்பு முகப்பு. படத்தில் வந்த கடைகளை எதிர்பார்த்துப் போகாதீர்கள். 'லெ ப்ளாஜ் தன்யேஸ்' (2008) படத்துக்காக இதே தெருவில் லாரியில் மணல் கொண்டுவந்து கொட்டி, தன் அலுவலகத்தைக் கடற்கரையாக்கி, ஊழியர்களை மணலில் உட்காரவைத்தார். கல்லறை பக்கத்திலேயே, மோன்பர்னாஸ் மயானத்தில், தெமியோடு. பார்க்க வருகிறவர்கள் அதன்மேல் உருளைக்கிழங்கு வைத்துவிட்டுப் போகிறார்கள்.

என் தெருவை நானே எடுக்க நினைக்கிறேன். இவரிடமிருந்து எதை எடுத்துக்கொள்ளலாம்?

மூன்று நடைமுறை விஷயங்கள் சொல்கிறேன். முதலாவது, கேமரா இல்லாமல் கடைக்குப் போய்ப் பழகுங்கள். வர்தா எடுத்த கடைகள் எல்லாம் அவர் ரொட்டியும் கறியும் வாங்கிய கடைகள். இரண்டாவது, எல்லோரிடமும் ஒரே கேள்விகளைக் கேளுங்கள், கருத்துக் கேட்காமல் தகவல் கேளுங்கள். 'நகர வாழ்க்கை எப்படி இருக்கிறது?' என்று கேட்டால் பேட்டி கொடுப்பார்கள். 'எந்த ஊரிலிருந்து வந்தீர்கள், முதல் நாள் எங்கே தூங்கினீர்கள்?' என்று கேட்டால் பேசுவார்கள். மூன்றாவது, வாடிக்கையாளர் வந்தால் பேச்சை நிறுத்திவிட்டு வியாபாரத்தைப் பார்க்கச் சொல்லுங்கள், ஆனால் கேமராவை நிறுத்தாதீர்கள். அந்தப் படத்தின் நல்ல இடங்கள் பலவும் யாரோ ஒருவர் கறித்துண்டு கேட்டுக்கொண்டு கடைக்குள் நுழையும்போது வருபவை.

எங்கிருந்து ஆரம்பிப்பது?

'ஓபரா மூஃப்' பதினாறு நிமிடம்தான், அதில் ஆரம்பியுங்கள். பிடித்தால் 'க்ளியோ', பிறகு 'தகெரெயோதீப்', பிறகு பொறுக்குபவர்கள் படமும் அதன் தொடர்ச்சியும். 'மூர் மூர்' எப்போது வேண்டுமானாலும் பார்க்கலாம். 2019 பெர்லின் விழாவில் திரையிட்ட கடைசிப் படம் 'வர்தா பார் அன்யேஸ்' மட்டும் கடைசியிலேயே இருக்கட்டும். அதில் ஒரு நாற்காலியில் உட்கார்ந்து தன் படங்களை எப்படி எடுத்தேன் என்று அவரே ஒவ்வொன்றாக அவிழ்த்துச் சொல்லிவிடுகிறார். முதலில் அதைப் பார்த்துவிட்டால் மற்றவற்றில் நீங்களாகக் கண்டுபிடிக்க ஒன்றும் மிச்சம் இருக்காது.